மூணு மாசத்துல வேலையை விட்டவர் எடுத்த ஆபீஸ் படம்! - மைக் ஜட்ஜ் கதை

கையில் காபி கப்போடு மேனேஜர் வருகிறார். குரலில் கோபமே இல்லை. சொற்களை இழுத்து இழுத்துப் பேசி, சனிக்கிழமையும் வேலைக்கு வரச் சொல்லிவிட்டு நகர்கிறார். போகிற போக்கில், ஞாயிற்றுக்கிழமையும்!

1999-ல் வந்த 'ஆபீஸ் ஸ்பேஸ்' படத்தின் இந்த மேனேஜரைப் பார்த்தால் சொந்த மேனேஜரின் முகம் நினைவுக்கு வராமல் போகாது. அவரை உருவாக்கிய மைக் ஜட்ஜ், சினிமா படித்தவர் அல்ல. இயற்பியல் பட்டதாரி.

1962-ல் ஈக்வடாரில் பிறந்து, அமெரிக்காவின் நியூ மெக்ஸிகோவில் வளர்ந்தவர். படிப்பு முடிந்ததும் எஃப்-18 போர் விமானம் தொடர்பான புரோகிராமிங் வேலை. 1987-ல் சிலிக்கான் வேலியில் ஒரு ஸ்டார்ட்-அப்பில் சேர்ந்தார். அந்தச் சூழல் கொஞ்சமும் ஒத்துவரவில்லை. மூன்று மாதம் முடிவதற்குள் ராஜினாமா!

பிறகு ப்ளூஸ் இசைக்குழுக்களில் பேஸ் கிட்டார் வாசித்துக்கொண்டு ஊர் ஊராகப் போனார். 1989-ல் டல்லாஸில் ஒரு தியேட்டரில் காட்சிக்கு வைத்திருந்த அனிமேஷன் ஓவியத் தாள்களைப் பார்த்தவருக்கு, 'இதை வீட்டிலேயே செய்யலாமே' என்று தோன்றிவிட்டது. 16 எம்.எம். பொலெக்ஸ் கேமரா ஒன்றை வாங்கினார். வரைவது, படம்பிடிப்பது, குரல் கொடுப்பது எல்லாம் அவரே. முதலில் வந்தவர் மில்டன். ஆபீஸ் மூலையில் உட்கார்ந்து, யாருக்கும் கேட்காமல் முணுமுணுக்கும் ஊழியர்.

அடுத்து வந்த இருவர்தான் அவரைப் பிரபலமாக்கினார்கள். 1993-ல் எம்.டி.வி-யில் தொடங்கிய 'பீவிஸ் அண்ட் பட்ஹெட்'டில், சோபாவில் சாய்ந்து டி.வி. பார்த்து, காரணமே இல்லாமல் இளிக்கும் இரண்டு மக்குப் பையன்கள்.

அதே வருடம் அக்டோபரில் ஓஹியோவில் ஐந்து வயதுச் சிறுவன் தீயோடு விளையாட, இரண்டு வயதுத் தங்கை இறந்துபோனாள். இந்தத் தொடரைப் பார்த்துத்தான் மகன் கெட்டான் என்றார் தாய். தொடர் பின்னிரவுக்குத் தள்ளப்பட்டது. தீ பற்றிய வசனங்கள் வெட்டப்பட்டன. அந்தத் தாயின் குற்றச்சாட்டு சரியா, தவறா என்ற விவாதம் அதோடு ஓயவில்லை. முட்டாள்களைக் காட்டிச் சிரிக்கவைப்பவருக்கு எப்போதும் இருக்கும் சிக்கல் இது. பார்ப்பவர் அவர்களைப் பார்த்துச் சிரிக்கிறாரா, அவர்களோடு சேர்ந்து சிரிக்கிறாரா?

1997-ல் கிரெக் டேனியல்ஸுடன் சேர்ந்து உருவாக்கிய 'கிங் ஆஃப் தி ஹில்'லில் ஜட்ஜின் பார்வையே மாறியிருந்தது. டெக்சாஸில் புரொப்பேன் கேஸ் விற்கும் ஹாங்க் ஹில், வேலையை நேசிப்பவர். மகனைப் புரிந்துகொள்ளத் திணறுபவர். அவரைக் கிண்டல் செய்த தொடர், ஒருபோதும் கேவலப்படுத்தவில்லை. ஜட்ஜின் ஆகச்சிறந்த வேலை இதுதான் என்று தயங்காமல் சொல்லலாம். 13 சீசன்கள், 2010 வரை ஓடியது.

சினிமா மட்டும் கைகொடுக்கவில்லை. சுமார் ஒரு கோடி டாலரில் எடுத்த 'ஆபீஸ் ஸ்பேஸ்', அமெரிக்கத் தியேட்டர்களில் முதலைத்தான் ஒட்டி வசூலித்தது. மில்டனுக்கும் அதில் இடம் உண்டு. அவருடைய சிவப்பு ஸ்டேப்ளரை மேனேஜர் எடுத்துக்கொள்கிறார். அப்போது கடையில் அப்படி ஒரு ஸ்டேப்ளர் இல்லாததால், படத்துக்காகப் பெயின்ட் அடித்தார்கள். பின்னர் டிவிடியிலும் கேபிளிலும் பார்த்தவர்கள் கேட்டுக் கேட்டு, ஸ்விங்லைன் நிறுவனமே 2002-ல் சிவப்பு நிறத்தில் தயாரிக்கத் தொடங்கியது!

'இடியாக்ரசி'யின் கதி இன்னும் மோசம். சாதாரண ஆள் ஒருவர் 500 வருடம் கழித்துக் கண் விழித்தால், உலகத்திலேயே அறிவாளி அவர்தான். பயிருக்கு எனர்ஜி டிரிங்க் ஊற்றிவிட்டு, ஏன் விளையவில்லை என்று விழிக்கிறார்கள் மற்றவர்கள். 2006-ல் டிரெய்லர்கூட இல்லாமல், சுமார் 130 தியேட்டர்களில் அந்தப் படத்தை வெளியிட்டு முடித்துக்கொண்டார்கள். அரசியல் கூத்து எதையாவது பார்க்கும்போதெல்லாம் அமெரிக்கர்கள் இன்றைக்கும் அதன் பெயரை இழுக்கிறார்கள்.

மூன்று மாதம்கூடத் தாங்காத அந்த ஸ்டார்ட்-அப் அனுபவமும் வீண்போகவில்லை. 2014 முதல் 2019 வரை எச்.பி.ஓ-வில் ஆறு சீசன் ஓடிய 'சிலிக்கான் வேலி' அதில் முளைத்ததுதான்.

2025-ல் ஹாங்க் ஹில்லும் திரும்பி வந்தார். ஜட்ஜின் அதே குரல். கொஞ்சம் வயதாகிவிட்டது. இத்தனை நாள் எங்கே இருந்தாராம்? சவுதியில் வேலை பார்த்துவிட்டு, மனைவியோடு ஊர் திரும்பியிருக்கிறார்!