எடைக்கு விறகும் அடுக்குக்கு விறகும்

கன்னியாகுமரி மாவட்டத்து நெய்யூரைச் சுற்றியுள்ள ஊர்களின் விறகுக்கடைகளில் விறகு தராசில் நிறுத்து விற்கப்படுகிறது. கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்திலோ அடுக்கின் நீள அகல உயரத்தை அளந்து விற்கப்படுகிறது. நெய்யூரிலிருந்து அங்கே குடியேறியவர் மரங்களைப் பற்றிய தம் அறிவைத் திருத்திக்கொள்ள வேண்டியிருப்பது இதனால்தான்.

நன்கு உலர்ந்த மரம் எதுவாயினும் ஒரு கிலோவுக்குத் தரும் வெப்பம் ஏறத்தாழ ஒன்றே. புளி நின்று எரிந்து கனத்த தணல் தருவதற்கும், ரப்பரும் கொல்லாமரம் எனப்படும் முந்திரியும் விரைந்து எரிந்து தீர்வதற்கும் காரணம் அடர்த்தியே. ஆகவே எடைக்கு வாங்குபவர் மரவகையைவிட ஈரத்துக்கே அஞ்ச வேண்டும். எடையில் பாதி நீராக உள்ள பச்சை விறகு, உலர்ந்த விறகின் வெப்பத்தில் ஏறத்தாழப் பாதியையே தரும், ஆனால் தராசு அந்த நீருக்கும் சேர்த்தே விலை சொல்லும். தென்னையின் கொதும்பு, கதம்பை, சிரட்டை ஆகியவை விலையின்றிக் கிடைக்கும் வீடுகளில் இக்கணக்கு அவ்வளவாக உறுத்துவதில்லை.

ஒன்டாரியோவில் விறகின் அளவு ‘கார்டு’, அதாவது 4 அடி அகலமும் 4 அடி உயரமும் 8 அடி நீளமும் கொண்ட 128 கன அடி அடுக்கு. இம்முழு அளவை அங்கே ‘புஷ் கார்டு’ என்றும், 16 அங்குலத் துண்டுகளை ஒற்றை வரிசையாக அடுக்கிய மூன்றிலொரு பங்கை ‘ஃபேஸ் கார்டு’ என்றும் சொல்வர்; எதற்கு விலை பேசப்படுகிறது என்று கேளாதவர் ஏமாறுவது உறுதி. அங்கே மரவகையே விலையைத் தீர்மானிக்கிறது: ஆஸ்பென் மரத்தின் ஒரு கார்டு, சர்க்கரை மேப்பிள் தரும் வெப்பத்தில் ஐந்தில் மூன்று பங்கையே தருகிறது. விற்பவர் ‘வன்மரம்’ என்று சொல்வதும் உதவாது, ஏனெனில் அகன்ற இலை மரங்கள் அனைத்தையும் குறிக்கும் அத்தாவரவியல் சொல்லில் ஆஸ்பெனும் அடங்கும்; அக்கணக்கில் காற்றுக்கே முறியும் முருங்கையும் வன்மரம்தான்.

நகர வீடுகளை எரிவாயு சூடாக்கும்போது விறகு எதற்கு என்ற கேள்விக்கு, 2013 டிசம்பர் உறைமழை ஒரு விடை தந்தது: டொரோண்டோவில் ஏறத்தாழ 3 லட்சம் இணைப்புகளில் மின்சாரம் நின்றபோது, வெப்பத்தைப் பரப்பும் மின்விசிறியை நம்பிய எரிவாயு உலைகளும் நின்றன. மூடிய விறகு அடுப்புக்கு இரவெல்லாம் தணல் காக்கும் ஓக்கும் மேப்பிளும் ஏற்றவை. ஆனால் ஓக் உலர இரண்டு ஆண்டுகள்கூட ஆகலாம், உலராததை எரித்தால் புகைபோக்கியில் கிரியோசோட் என்னும் எரியக்கூடிய தார்ப்படிவு சேரும்.

புதிதாக வருபவருக்குப் பரிந்துரைக்கத் தக்கது ஆஷ் மரம். வெட்டும்போதே அதில் நீர் குறைவு, எளிதில் பிளக்கும், வெப்பத்தில் மேப்பிளுக்கு ஏறத்தாழ நிகர். அது இன்று மிகுதியாக விறகாவதற்குக் காரணம் துயரமானது: ஆசியாவிலிருந்து வந்து 2002இல் டெட்ராய்ட், வின்ட்சர் பகுதியில் கண்டறியப்பட்ட மரகதத் துளைப்பான் வண்டின் புழுக்கள் பட்டைக்கு அடியில் தின்று அம்மரங்களைக் கொன்றுவருகின்றன. புழு விறகோடு பயணம் செய்வதால், வண்டு பரவிய பகுதியிலிருந்து விறகை வெளியே கொண்டுசெல்லக் கனடிய உணவு ஆய்வு முகமை கட்டுப்பாடு விதித்தது. எனவே மலிவாகக் கிடைக்கிறதென்று தொலைவிலிருந்து ஏற்றி வராமல், அருகில் வெட்டியதையே வாங்கி அங்கேயே எரிக்க வேண்டும்.