அசல் என்ற கட்டம்

ஜூன் 6, 2025, வெள்ளி

இன்று ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை அரை சதவீதம் குறைத்து 5.50 ஆக்கிவிட்டது. பிப்ரவரியில் கால், ஏப்ரலில் கால், இப்போது அரை. ஆசிரியர் அறையில் வீட்டுக்கடன் உள்ள நாலு பேரும் போனை எடுத்துவைத்துக்கொண்டு, தவணை எவ்வளவு குறையும் என்று பேசிக்கொண்டிருந்தோம்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து அத்தையிடம் சொன்னேன். கீரை ஆய்ந்துகொண்டிருந்தவர் நிமிராமல் கேட்டார்:

"அது சரிம்மா. நாலு வருஷமா கட்டுறீங்களே, அசல் எவ்வளவு கொறஞ்சிருக்கு?"

தவணை எவ்வளவு, எந்தத் தேதியில் போகும், கணக்கில் எவ்வளவு இருப்பு வைக்க வேண்டும் என்பதெல்லாம் எனக்கு மனப்பாடம். அசல் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று தெரியவில்லை. எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கூட்டு வட்டி நடத்துகிறவள் நான். அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லாதது மனசை உறுத்தியது.

இரவு சாப்பாட்டுக்குப் பிறகு வங்கி ஆப்பில் கடன் கணக்கு விவரத்தை இறக்கிப் பார்த்தேன். 2021 ஜூலையில் வாங்கிய கடன் 30 லட்சம். நேற்றோடு 47 தவணை. கட்டிய பணம் 11,29,573 ரூபாய். பாக்கி அசல் 28,35,973.

கழித்துப் பார்த்தேன். நாலு வருஷத்தில் குறைந்த கடன் 1,64,027 ரூபாய்தான். மற்ற ஒன்பதரை லட்சமும் வட்டி. கணவரை எழுப்பிச் சொல்ல மனசு வரவில்லை. துவாக்குடி பட்டறையில் ஓவர்டைம் பார்த்துவிட்டு வந்து படுத்திருக்கிறார்.

ஜூன் 8, ஞாயிறு

பள்ளியில் இருந்த பழைய நோட்டு ஒன்றில் தேதி, தவணை, வட்டி, அசல், பாக்கி என்று ஐந்து கட்டம் போட்டு, 47 வரிகளையும் கையால் எழுதினேன். பக்கத்தில் அமர்ந்து அத்தை பார்த்துக்கொண்டிருந்தார்.

கணக்கு ரொம்ப எளிது. ஒவ்வொரு மாதமும் பாக்கிக்கு ஒரு மாத வட்டி போடுவார்கள். தவணையில் முதலில் அந்த வட்டி கழியும். மிச்சம் இருந்தால் அது அசலுக்குப் போகும். 30 லட்சத்துக்கு 6.75 சதவீதத்தில் முதல் மாத வட்டி 16,875. இருபது வருஷத்துக்கான தவணை 22,811. ஆக முதல் மாதம் அசலுக்குப் போனது 5,936. பாக்கி குறையக் குறைய வட்டி குறையும், அசலின் பங்கு கூடும். அப்படியே ஓடியிருந்தால் 240 தவணையில் மொத்தம் 54.75 லட்சம் கட்டி முடித்திருப்போம். கையெழுத்துப் போட்ட அன்று இந்தத் தொகையை நாங்களும் கேட்கவில்லை, யாரும் எங்களிடம் சொல்லவும் இல்லை. "மாசம் இருபத்திமூணுக்குள்ள வரும் சார்" என்றார்கள். வாடகை ஒன்பதாயிரம், மேலே பதினாலாயிரம் சமாளிக்கலாம் என்று மனசுக்குள் கூட்டிக்கொண்டோம். அவ்வளவுதான் எங்கள் கணக்கு.

அந்த 6.75 நிலையான வட்டி இல்லை. ரெப்போவோடு இரண்டே முக்கால் சேர்த்த மாறும் வட்டி. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் மாறும் வட்டியில் கொடுக்கிற புது வீட்டுக்கடன்களை இப்படி வெளி அளவுகோல் ஒன்றோடுதான் கட்டிப்போடுகின்றன. நாங்கள் வாங்கியபோது ரெப்போ 4. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரிக்குள் ஆறரைக்குப் போனது. ஏப்ரலில் எங்கள் வட்டி 9.25 ஆனது.

நோட்டில் 2023 மார்ச் வரியை எழுதும்போது கை நின்றுவிட்டது. தவணை 22,811. வட்டி 21,849. அசல் 962.

ஒரு சிலிண்டர் விலைகூட இல்லை. அந்த மாதம் பாப்பாவுக்குப் பள்ளி வேன் கட்டணம் கட்ட முடியாமல் தள்ளிப்போட்டது நினைவிருக்கிறது. அப்படியெல்லாம் இழுத்துப்பிடித்துக் கட்டிய 22,811-ல் எங்கள் கடன் குறைந்தது 962 ரூபாய்.

அத்தை அந்த வரியில் விரலை வைத்துக்கொண்டு சொன்னார்: "நகைக்கடன்ல வருஷா வருஷம் வட்டியைக் கட்டி மாத்தி வச்சுக்கிட்டே இருந்தா நகை பேங்க்லயேதான் கெடக்கும். அசல்ல கை வச்சாத்தான் கழுத்துக்கு வரும். வீட்டுக்கும் அதானேம்மா?"

அதேதான் அத்தை.

ஜூன் 10, செவ்வாய்

2023 ஏப்ரலில் என்ன நடந்தது என்று இன்றுதான் புரிந்தது. அப்போது வந்த குறுஞ்செய்தி இன்னும் போனில் இருக்கிறது. தவணை 24,939 ஆக மாற்றப்பட்டுள்ளது என்று மட்டும் அதில் இருந்தது. இரண்டாயிரம் கூடிவிட்டதே என்று அன்று இரண்டு நாள் புலம்பினோம். கூடியது அது மட்டுமில்லை. இன்னும் 220 மாதம் இருந்திருக்க வேண்டிய கடனை 300 மாதமாக நீட்டியிருக்கிறார்கள். 2041 ஜூலையில் முடிய வேண்டியது 2048 மார்ச்சுக்குப் போய்விட்டது. அன்று எனக்கு 65 வயது ஆகியிருக்கும், அவருக்கு 68. தனியார் பள்ளியில் அதுவரை யார் என்னை வைத்திருப்பார்கள்?

அன்றைய பாக்கி 29,12,215-க்கு இரண்டு வழியையும் போட்டுப் பார்த்தேன். பழைய தேதியிலேயே முடிப்பதென்றால் தவணை 27,532. அப்படி 220 மாதம் கட்டினால் 60.57 லட்சம். வங்கி தேர்ந்தெடுத்த வழியில் 24,939 வீதம் 300 மாதம், 74.82 லட்சம். மாதம் 2,593 ரூபாய் குறைத்துக்கொடுத்த உதவிக்கு விலை பதினாலேகால் லட்சம். எங்களைக் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்போமோ தெரியாது. அந்த மாதம் அந்த 2,593 கையில் இல்லாமலும் இருந்திருக்கலாம். ஆனால் கேட்டிருக்க வேண்டும்.

கேட்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கியும் சொல்லியிருக்கிறது. 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கை. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சமா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். இதுவரை பிடித்த அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு கொடுக்க வேண்டும். பழைய கடன்களுக்கும் இது பொருந்தும். எங்கள் மின்னஞ்சலில் தேடினேன். அந்தக் காலாண்டு அறிக்கைகள் வந்திருக்கின்றன. ஒன்றைக்கூட நாங்கள் திறக்கவில்லை.

ஜூன் 12, வியாழன்

ஆசிரியர் அறையில் பேச்சு இதுதான். இயற்பியல் சார் சொன்னார், "வீட்டுக்கடனை எதுக்கு டீச்சர் சீக்கிரம் அடைக்கணும்? வரி மிச்சமாகுதே."

கரும்பலகையில் எழுதுவதுபோலப் பொறுமையாகச் சொன்னேன். சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு வருஷம் இரண்டு லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம், அதுவும் பழைய வரி முறையில் இருப்பவர்களுக்குத்தான். புது முறையில் அந்தக் கழிவே கிடையாது. பழைய முறையிலும் 20 சதவீத அடுக்கில் இருப்பவர் 100 ரூபாய் வட்டி கட்டினால் 20 ரூபாய்ச் சொச்சம் வரி மிஞ்சும். மற்ற 80 போனது போனதுதான்.

தமிழ் டீச்சர் கேட்டதில் நியாயம் இருந்தது. "வெலவாசி ஏற ஏற இன்னைக்கு இருக்கற இருபத்தஞ்சாயிரம் பதினஞ்சு வருஷம் கழிச்சு லேசாயிடும்ல?" ஆகும், சம்பளமும் கூடவே ஏறினால். அரசு வேலைக்காரர்களுக்கு அந்தத் தைரியம் இருக்கலாம். பட்டறையில் ஆர்டர் இல்லாத மாதங்களைப் பார்த்தவள் நான். அந்தத் தைரியத்தை நம்பி 23 வருஷக் கடனைச் சுமக்க முடியாது.

வீடு வாங்கியது தப்பு என்று நான் நினைக்கவில்லை. நாலு வருஷ வாடகை மிஞ்சியது. மழைக்காலத்தில் யாரும் காலி செய்யச் சொல்லவில்லை. பாப்பா ஒரே பள்ளியில் படிக்கிறாள். இத்தனையும் கிடைத்ததற்கு என்ன விலை என்று தெரிந்துகொண்டால் போதும்.

ஜூன் 15, ஞாயிறு

விலையை முழுதாக எழுதிப் பார்த்தேன்.

வீடு 38 லட்சம். கையிருப்பு போட்டது 8.60 லட்சம். பதிவுச் செலவு தனி. 2021-ல் முத்திரைத்தீர்வை 7, பதிவுக்கட்டணம் 4, ஆக 11 சதவீதம், 4.18 லட்சம். (2023-ல் வழிகாட்டி மதிப்பை ஏற்றி, பதிவுக்கட்டணத்தை 2 சதவீதம் ஆக்கினார்கள்.) அந்தப் பதிவுச் செலவுக்காக என் பத்துப் பவுனை விற்றோம். அன்று பவுன் 36,000-ஐ ஒட்டி இருந்தது. இன்று 72,000-ஐத் தாண்டிவிட்டது. இந்த இழப்பு எந்த வங்கி அறிக்கையிலும் வராது. அதனால் இந்த நோட்டில் எழுதிவைக்கிறேன்.

இன்னொன்றும் கண்ணில் பட்டது. 30 லட்சத்தில் 60,000 ரூபாய் கடன் காப்பீட்டு பிரீமியம். கடனோடு சேர்த்துவிட்டார்கள். காப்பீடு வேண்டும்தான், சம்பாதிக்கிறவருக்கு ஒன்று ஆகிவிட்டால் வீடு தப்பும். ஆனால் கடனாக வாங்கியதால் அந்த 60,000, பழைய 6.75 வட்டியிலேயே இருபது வருஷத்தில் 1.09 லட்சம் ஆகிறது. வருஷா வருஷம் கையிலிருந்து கட்டும் டேர்ம் பாலிசி எடுத்திருக்கலாம்.

ஜூன் 21, சனி

மூன்றாவது சனி, வங்கி உண்டு. நானும் கணவரும் போனோம். கவுன்டரில் இருந்த பெண் பொறுமையாகப் பேசினார். ஜூலை 1 முதல் எங்கள் வட்டி 8.25. தவணையை மாற்றாமல் விட்டால் மிச்சம் 222 மாதம் என்று திரையைத் திருப்பிக் காட்டினார். நான் வீட்டில் போட்ட கணக்கும் அதுவே.

"தவணைய கொறைச்சுத் தரவா மேடம்? நெறைய பேர் அதத்தான் கேக்கறாங்க."

வேண்டாம் என்று நோட்டை விரித்தேன். தவணையை 26,582 ஆக்கினால் 193 மாதம், பழைய 2041 ஜூலைக்கே திரும்பிவிடும். மாதம் 1,643 ரூபாய் கூடுதல். அதற்கு மிஞ்சுவது நாலு லட்சத்துக்கு மேல். கூடவே ஒரு லட்சம் முன்கூட்டிக் கட்டினால் 180 மாதத்தில் முடிந்துவிடும். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-லேயே விதி வந்துவிட்டது. அதையும் கேட்டு உறுதிசெய்துகொண்டேன்.

"பார்ட் பேமென்ட் போடறப்ப தவணைய கொறைக்கவா, மாசத்த கொறைக்கவான்னு லெட்டர்ல தெளிவா எழுதிடுங்க மேடம்" என்றார். மாதத்தைக் குறைக்க என்று கணவர் கைப்பட எழுதி, இருவரும் கையெழுத்துப் போட்டோம்.

வரும் வழியில் அவர் வண்டியை டீக்கடையில் நிறுத்தினார். "2023-ல இத ஒரு தடவ பாத்திருந்தா..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார். நானும் எதுவும் சொல்லவில்லை.

ஜூன் 30, திங்கள்

ஒரு லட்சம் அத்தையின் சீட்டுப் பணம். பத்து மாதம் கழித்து எடுப்பதாக இருந்தார். "நான் வச்சு என்ன பண்ணப் போறேன்" என்று இந்த மாத ஏலத்திலேயே தள்ளி எடுத்துவிட்டார். தள்ளுபடி போக வந்ததில் குறைந்ததை நான் சம்பளத்தில் சேர்த்துக்கொண்டேன். மத்தியானம் கட்டியாகிவிட்டது. பாக்கி 27,35,973.

பழைய தவணையிலேயே போனாலும் இந்த ஒரு லட்சம் கடைசியிலிருந்து 17 மாதத்தை வெட்டுகிறது. ஏறத்தாழ நாலேகால் லட்சத் தவணை. ஆரம்ப வருஷங்களில் கட்டும் அசலுக்குத்தான் இந்த வலு. பதினைந்தாவது வருஷம் இதே பணத்தைக் கட்டினால் இதில் பாதிகூட மிஞ்சாது.

ஜூலை 5, சனி

48-வது தவணை போனது. நோட்டில் எழுதினேன். தவணை 26,582. வட்டி 18,810. அசல் 7,772. அத்தைக்கு வாசித்துக் காட்டினேன். "முன்னால தொள்ளாயிரத்துச் சொச்சம்னு ஒண்ணு எழுதுனியே, அதுக்கு இது எவ்வளவோ மேல்" என்றார்.

இப்படியே ஓடினால் 2040 ஜூனில் முடியும். வங்கிக்கு மட்டும் ஏறத்தாழ 60 லட்சம் போயிருக்கும். முன்பணமும் பதிவுச் செலவும் சேர்த்தால் 73 லட்சத்தை ஒட்டி. 38 லட்சம் வீட்டின் உண்மையான விலை அது. ரெப்போ மறுபடி ஏறினால் இதுவும் மாறும். ஏறுகிற அன்று தவணையா காலமா என்று நாங்கள் சொல்வோம், குறுஞ்செய்திக்குக் காத்திருக்க மாட்டோம்.

கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரத்தைத் திருப்பித்தர வேண்டும், தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்று விதி இருக்கிறது. பீரோவில் இப்போது இருப்பது பத்திரத்தின் நகலும், வங்கியின் பெயர் ஏறிய வில்லங்கச் சான்றும். இரண்டுக்கும் மேல் இந்த நோட்டை வைத்தேன். பாப்பா 49-லிருந்து 227 வரை ஓரத்தில் எண் போட்டுக் கொடுத்திருக்கிறாள். கடைசி வரி வருகிறபோது அவளுக்கு 27 வயது.

அடுத்த மாதம் ஐந்தாம் தேதி அவளே எழுதுவதாகச் சொல்லியிருக்கிறாள். எந்தக் கட்டத்தை முதலில் பார்க்க வேண்டும் என்று கேட்டாள். நாலாவது கட்டத்தைக் காட்டினேன்.