மூன்றடிச் சந்து

எங்கள் கொல்லைக்கும் பெரியப்பா வீட்டுக் கொல்லைக்கும் நடுவே மூன்றடி அகலத்தில் ஒரு சந்து உண்டு. தாத்தா காலத்தில் மாடுகள் போய்வந்த வழி. பாகப்பிரிவினைப் பத்திரம் அதைப் 'பொதுவழி' என்கிறது. எங்கிருந்து எதுவரை என்று சொல்லவில்லை. 2016இல் பெரியப்பாவின் மூத்த மகன் அங்கே கழிவறைக்கு அடித்தளம் தோண்டத் தொடங்கினார். அம்மா அன்று சாப்பிடவில்லை.

என்ன செய்யவேண்டும் என்பது எங்களுக்குத் தெரியாததன்று. உரிமையியல் நீதிமன்றத்தில் தடையுத்தரவு கேட்கவேண்டும். அதற்கு வழக்கறிஞர், வாய்தா, ஆண்டுகள். காவல் நிலையத்திலோ எங்களிடம் தமிழ் பயின்ற மாணவர் ஒருவர் உதவி ஆய்வாளராக இருந்தார். தொலைபேசியில் அழைத்தோம். "நீங்க கவலைப்படாதீங்க ஐயா" என்றார்.

மறுநாள் காலை எங்களுக்கு நாற்காலியும் தேநீரும் கிடைத்தன. அண்ணன் மேசைக்கு முன் நின்றுகொண்டிருந்தார். ஐம்பத்தெட்டு வயது, எங்களுக்குச் சைக்கிள் பழக்கியவர். உட்காரச் சொல்லுங்கள் என்று ஒரு சொல் நாங்கள் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இனிச் சந்தில் எந்த வேலையும் செய்வதில்லை என்று எழுத்தர் எழுதி நீட்டிய தாளில் அவர் கையெழுத்திட்டார். வெளியே வந்ததும், "கூப்பிட்டிருந்தா நானே வீட்டுக்கு வந்திருப்பேனே, தம்பி" என்றார். அவ்வளவுதான்.

மதுரைக்காஞ்சியை நாங்கள் பல ஆண்டுகளாக நடத்தி வருகிறோம். மாங்குடி மருதனார் அறங்கூறவையத்தைப் பகலின் காட்சிகளோடு வைக்கிறார். ஊர்க்காப்பாளரை நள்ளிரவில், கள்வரைத் தேடித் திரியுமாறு வைக்கிறார். இருவர் வேலையும் வேறு. அந்த உதவி ஆய்வாளரும் அந்தப் பாடத்தைக் கேட்டவர்தாம்.

இன்றைய சட்டமும் ஏறக்குறைய அப்படித்தான் பிரித்திருக்கிறது. நிலம் யாருடையது என்று முடிவு செய்வது காவல்துறையின் வேலையன்று. போலிப் பத்திரம், அடிதடி, அச்சுறுத்தி நுழைதல் என்றால் அது குற்றம். அங்கே அவர்கள் வரத்தான் வேண்டும். 2011இல் தமிழக அரசு நில அபகரிப்புக்கெனத் தனிப் பிரிவுகளைத் தொடங்கியதும் அத்தகைய புகார்களுக்காகத்தான். தகராறு கைகலப்பாகும் என்று தோன்றினால் நிர்வாக நடுவருக்கு அறிக்கை அனுப்பலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 145ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல் நடப்புக்கு வந்த புதிய சட்டத்தில் 164. அந்த நடுவரும் பட்டா, பத்திரம் பார்த்து உரிமையைத் தீர்ப்பதில்லை. இப்போது யார் அனுபவத்தில் இருக்கிறார், கடந்த இரண்டு மாதத்துக்குள் யாரையாவது வலிந்து வெளியேற்றினார்களா என்பதே அவர் விசாரிக்க வேண்டியது. வெளியேற்றப்பட்டவர் உரிமையை மெய்ப்பிக்காமலே, ஆறு மாதத்துக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் அனுபவத்தைத் திரும்பக் கேட்க 1963ஆம் ஆண்டுக் குறித்தவகை நிவாரணச் சட்டம் வழி வைத்திருக்கிறது. இதில் எந்த வாசலிலும் எங்கள் மாணவர் தேநீரோடு நிற்கவில்லை.

ஆனாலும் ஊரில் வேலிச் சண்டை என்றால் கால்கள் காவல் நிலையத்துக்கே போகின்றன. அங்கே ஒரே காலையில் முடிந்துவிடுகிறது. யாருக்கு யாரைத் தெரியும் என்பதைப் பொறுத்து முடிகிறது. அண்ணனுக்கு ஓர் ஆய்வாளரைத் தெரிந்திருந்தால் மேசைக்கு முன் நாங்கள் நின்றிருப்போம். கட்டப் பஞ்சாயத்து என்று நாங்கள் மேடைகளில் பழித்தது இதைத்தான்.

அண்ணன் பின்னர் நீதிமன்றம் போனார். அந்தக் கையெழுத்துத் தாளைக் காட்டியபோது எங்கள் வழக்கறிஞர் சிரித்தார். அது யாரையும் கட்டுப்படுத்தாது என்றார். வழக்கறிஞர் ஆணையர் நில அளவரோடு வந்து அளந்தார். தோண்டிய பள்ளத்தில் அரையடிதான் பொதுவழிக்குள் இருந்தது. மிச்சம் அண்ணன் மனை. 2019இல் சமரசமாக எழுதிக்கொண்டோம். கழிவறை அரையடி தள்ளி எழும்பியது.

அடுத்த ஆண்டு அம்மா போனார். காரியத்துக்கு அண்ணன் வந்தார். சந்து திறந்துதான் கிடந்தது. அவர் தெருவைச் சுற்றிக்கொண்டு வாசல் வழியாக வந்தார்.