ஓட்டுநரில்லா டாக்சி அடுத்து எங்கே?

ஓட்டுநரில்லா டாக்சி ஓர் ஊருக்கு வருமா என்பதை முதலில் தீர்மானிப்பது அரசின் அனுமதி. பிறகுதான் சாலை, வானிலை, ஓட்டுநர் கூலி எல்லாம். மழை குறைவான, அகலச் சாலைகள் கொண்ட அமெரிக்காவின் ஃபீனிக்ஸில் வேமோ நிறுவனம் 2020இல் ஆளில்லா வண்டிகளைப் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது. சிங்கப்பூரின் ஒன்-நார்த் பகுதியில் 2016லேயே நியூட்டோனமி நிறுவனம் பயணிகளை ஏற்றிச் சோதித்தது, ஓட்டுநர் இருக்கையில் ஒரு பொறியாளரை உட்காரவைத்து. கூலி அதிகமாக இருந்து, அரசும் முன்னின்று ஆதரிக்கும் இத்தகைய நகரங்களே வரிசையில் முந்தும்.

இந்தியாவில் அனுமதியே இல்லை. ஓட்டுநர்களின் வேலை பறிபோகும் என்று மத்திய அமைச்சர் நிதின் கட்கரி 2023இல் மறுத்துவிட்டார், நியாயமான மறுப்பு. சிவகாசி அருகே வெம்பக்கோட்டையில் பட்டாசு ஆலைக்கு ஆள் ஏற்றும் வேன் ஓட்டுநருக்கு அந்த வண்டிதான் பிழைப்பு. தமிழ்நாட்டில் ஓட்டுநரில்லாப் பயணம் சென்னை மெட்ரோவின் இரண்டாம் கட்டத் தண்டவாளத்தில்தான் முதலில் வரும்.