இட்லிக்குள் ஒரு பர்மா

உளுந்து விலை ஏறினால் ஹோட்டலில் முதலில் சின்னதாவது வடைதான். வடை சின்னதானதும் சாப்பிட வந்தவர் முதலாளியைத் திட்டுவார். முதலாளி மளிகைக்காரரைத் திட்டுவார். மளிகைக்காரர் மொத்த வியாபாரியைக் கை காட்டுவார். மொத்த வியாபாரி மட்டும் யாரையும் திட்டாமல் ஒரே வரியில் முடித்துவிடுவார்: "பர்மா சரக்கு வரலைங்க."

இதென்ன, உளுந்து உள்ளூர்ப் பயிர் இல்லையா என்று கேட்கலாம். உள்ளூர்ப் பயிர்தான். உளுந்தை விளைவிப்பதிலும் சரி, தின்று தீர்ப்பதிலும் சரி, உலகத்தில் இந்தியாவுக்குத்தான் முதலிடம். ஆனால் விளைவது பல வருடங்களில் போதுவதில்லை. அறுவடை நேரத்தில் மழை பிடித்துக்கொண்டால் சுத்தமாகப் போதாது. கோதுமைக்குப் பஞ்சம் வந்தால் ஆஸ்திரேலியா, ரஷ்யா, கனடா என்று பல கதவுகளைத் தட்டலாம். உளுந்துக்கு அப்படி முடியாது. உலகத்தில் வேறு யாரும் இந்த அளவுக்கு அதைச் சாப்பிடுவதில்லை. அதனால் வேறு யாரும் பெரிதாகப் பயிரிடுவதுமில்லை. நீண்ட காலமாக ஒரே ஒரு கடைதான் திறந்திருந்தது. அந்தக் கடையின் பெயர் பர்மா. 1989-ல் நாட்டின் பெயர் மியன்மார் என்று மாறிவிட்டது. ஆனால் சந்தையில் மூட்டையின் பெயர் மாறவில்லை.

பர்மா என்றாலே அரிசிதான் நினைவுக்கு வரும். ஒரு காலத்தில் உலகிலேயே அதிகமாக அரிசி ஏற்றுமதி செய்த நாடு அது. சென்னை மாகாணமும் இலங்கையும் பர்மா அரிசியை வாங்கிச் சாப்பிட்டன. 1942-ல் ஜப்பான் பர்மாவைப் பிடித்ததும் அந்த வரத்து நின்றுபோனது. அரிசி இல்லாமல் வங்காளம் பட்ட பாட்டுக்கு அதுவும் ஒரு காரணம்.

அந்த அரிசி நாடு எப்படிப் பயறு நாடானது? அங்கேதான் கதை இருக்கிறது.

1962-ல் ராணுவத் தளபதி நே வின் ஆட்சியைப் பிடித்தார். அடுத்த சில வருடங்களில் கடை, ஆலை, வங்கி எல்லாம் அரசுடைமை ஆயின. தலைமுறை தலைமுறையாக அங்கே இருந்த இந்தியர்கள் லட்சக்கணக்கில் கப்பலேறினார்கள். சென்னையில் பர்மா பஜார் வந்ததும் அதன் தொடர்ச்சிதான். வயலில் என்ன விளைய வேண்டும், அரசுக்கு எவ்வளவு அளக்க வேண்டும், என்ன விலை என்பதையெல்லாம் அரசே சொன்னது. சந்தை விலையை விடக் குறைவாகத்தான் சொன்னது என்று தனியாகச் சொல்லத் தேவையில்லை.

1988-ல் மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். போராட்டம் ரத்தத்தில் முடிந்தது. புதிதாக வந்த ராணுவ அரசு ஆட்சியை விடவில்லை. ஆனால் கஜானா காலி. அந்நியச் செலாவணி வேண்டும். எனவே பயறு வகைகளைத் தனியார் வாங்கலாம், விற்கலாம், ஏற்றுமதியும் செய்யலாம் என்று திறந்துவிட்டது. அரிசியை மட்டும் கைவிடவில்லை. அரிசி விலை ஏறினால் நகரத்தில் கலவரம் வரும் என்ற பயம். நெல்லை அரசுக்கு அளக்கும் முறை 2003 வரை ஒரு வடிவத்தில் நீடித்தது.

விவசாயி கணக்குப் போட்டுப் பார்த்தார். நெல் அரசாங்கத்துப் பயிர். பயறு தன் பயிர். நெல்லை அறுத்த கையோடு அதே வயலில் பயறு போட்டால் அந்தப் பணம் வீட்டுக்கு வரும். அவ்வளவுதான். மானியம் இல்லை, பெரிய திட்டம் இல்லை, விஞ்ஞானப் புரட்சியும் இல்லை. சில வருடங்களிலேயே பர்மாவின் ஏற்றுமதியில் பயறு அரிசியை முந்தியது. இன்று ஆண்டுக்குப் பத்து லட்சம் டன்னுக்கு மேல் பயறு ஏற்றுமதி செய்கிற நாடுகளில் ஒன்று அது.

பர்மிய மொழியில் 'பே' என்றால் பயறு. உளுந்து 'மத்பே'. உலகச் சந்தையிலும் உளுந்துக்கு 'பிளாக் மத்பே' என்றே பெயர். ஒரு பயிருக்கு அதைத் தின்னும் நாட்டின் பெயர் நிற்காமல் விற்கும் நாட்டின் பெயர் நின்றுவிட்டது! சரக்கில் இரண்டு தரம். சுமாரான தரம் எஃப்.ஏ.க்யூ., பொறுக்கியெடுத்த தரம் எஸ்.க்யூ. ரங்கூனில் பயின்னாங் மொத்தச் சந்தையில் பேரம் முடிந்தால், மூட்டைகள் கன்டெய்னரில் ஏறிச் சென்னைத் துறைமுகத்துக்கு வரும். அங்கிருந்து பருப்பு ஆலைகளுக்கும் விருதுநகர் மாதிரிச் சந்தைகளுக்கும் போகும். தோல் நீக்கிய முழு உளுந்தாகவோ அப்பள மாவாகவோ அது வீட்டுக்குள் நுழையும்போது அதன் பிறந்த ஊரை யாரும் கேட்பதில்லை.

இன்னொரு சுவையான விஷயம். பர்மாவில் இன்றும் பயறு எடை போடும் அளவு 'விஸ்'. ஒரு விஸ் என்றால் சுமார் 1.6 கிலோ. பர்மியர் தங்கள் மொழியில் 'பெய்த்தா' என்பார்கள். ஆனால் ஆங்கிலேயர் காலம் முதல் வியாபாரத்தில் வழங்கும் 'விஸ்', தாத்தா பாட்டி காலத்து 'வீசை'யேதான். வீசை தமிழ்நாட்டில் வழக்கொழிந்துவிட்டது. ஐராவதிக் கரையில் பிழைத்துக்கொண்டது.

அந்த ஐராவதிக் கரைக்கு ஒரு தஞ்சாவூர்க்காரரைக் கொண்டுபோய் விட்டால் திகைத்துப் போவார். காவிரி டெல்டாவில் சம்பா அறுவடைக்கு ஒரு வாரம் பத்து நாள் முன்னால், நெல் நிற்கும்போதே ஈர வயலில் உளுந்தையும் பச்சைப் பயறையும் தெளித்துவிடுவார்கள். அறுவடை முடிந்தபின் மண்ணில் மிச்சமிருக்கும் ஈரத்திலும் பனியிலும் அது வளரும். தனியாகத் தண்ணீர் கிடையாது. ஆடுதுறையில் இதற்கென்றே ஏ.டி.டி. 3 மாதிரி ரகங்களை உருவாக்கினார்கள். ஐராவதி டெல்டாவிலும் பகோவிலும் நடப்பது கிட்டத்தட்ட இதே கதைதான். மழைக்கால நெல் முடிந்ததும், கார்த்திகை வாக்கில், மிச்ச ஈரத்தில் உளுந்து. மாசி, பங்குனியில் அறுவடை. கடல் நடுவில் இருக்கிறது, வேலை ஒன்றுதான்.

வித்தியாசம் ஒன்று உண்டு. அது பெரிய வித்தியாசம். விலை விழுந்தால் தஞ்சாவூர் விவசாயி வீட்டுக்குக் கொஞ்சம் எடுத்து வைத்துக்கொண்டு இட்லியாவது சாப்பிடலாம். பர்மாவில் உளுந்தை அதிகம் சாப்பிடுவதில்லை. அங்கே காலையில் சோற்றோடும் நானோடும் சாப்பிடுவது அவித்த பட்டாணி. ஷான் மாநிலத்து டோஃபு கடலை மாவில் செய்வது. முளை கட்டித் தின்பதற்காக ஜப்பான் கொஞ்சம் உளுந்து வாங்குகிறது. மற்றபடி உளுந்து என்றால் இந்தியா. இந்தியா என்றால் உளுந்து. தான் சாப்பிடாத ஒன்றை, ஒரே ஒரு ஆளுக்கு விற்பதற்காக, லட்சக்கணக்கான குடும்பங்கள் பயிரிடுகின்றன. வடக்கே சகாய்ங், மாக்வே, மாண்டலே வறண்ட பூமியில் விளையும் துவரைக்கும் இதே நிலைதான்.

வாங்குகிற அந்த ஒரே ஆள் 'வேண்டாம்' என்று சொன்னால் என்ன ஆகும்? 2017-ல் அது நடந்தது.

2015 கடைசியில் இந்தியாவில் துவரம் பருப்பு கிலோ 200 ரூபாயைத் தொட்டது நினைவிருக்கலாம். சாம்பாரில் பருப்பைத் தேட வேண்டியிருந்த காலம். அரசு பதறியது. ஆதரவு விலையை உயர்த்தியது, இறக்குமதியைக் கூட்டியது. மழையும் கைகொடுத்தது. 2015-16-ல் சுமார் 163 லட்சம் டன்னாக இருந்த பருப்பு வகை உற்பத்தி, அடுத்த ஆண்டே சுமார் 231 லட்சம் டன் ஆனது. போதாததற்கு அதே ஆண்டில் சுமார் 66 லட்சம் டன் இறக்குமதியும் வந்து இறங்கியது. விளைவு? துவரைக்கு அரசு அறிவித்த விலை குவிண்டாலுக்கு 5,050 ரூபாய். பல சந்தைகளில் கிடைத்தது அதைவிடக் கீழே. சாலையில் கொட்டுகிற நிலைமைக்கு இந்திய விவசாயி வந்தார்.

உடனே அடுத்த பதற்றம். 2017 ஆகஸ்ட் 5-ம் தேதி, ஆண்டுக்கு 2 லட்சம் டன் துவரைக்கு மேல் இறக்குமதி கூடாது என்று அறிவிப்பு வந்தது. ஆகஸ்ட் 21-ம் தேதி, உளுந்தும் பச்சைப் பயறும் சேர்ந்து 3 லட்சம் டன்னுக்கு மேல் கூடாது என்று இன்னொன்று. பர்மாவுக்கு மட்டுமல்ல, எல்லா நாடுகளுக்கும் சேர்த்துத்தான் இந்த அளவு.

தேதியைக் கவனிக்க வேண்டும். ஆகஸ்டில் பர்மாவின் துவரை ஏற்கெனவே வயலில் நிற்கிறது. மழை தொடங்கும்போது விதைத்தது. அறுக்க இன்னும் நாலைந்து மாதம் இருக்கிறது. பிடுங்கிப் போடவும் முடியாது, வளர்த்தும் பயனில்லை. உளுந்தோ முந்தைய அறுவடையின் மிச்சமாகக் கிடங்கில் கிடக்கிறது. துவரை விலை முந்தைய ஆண்டின் உச்சத்தில் பாதிக்கும் கீழே போனது. நல்ல விலையை நம்பிக் கடன் வாங்கியவர் கடனோடு நின்றார்.

இதில் யார் மேல் தப்பு? இந்திய அரசு தன் விவசாயியைக் காப்பாற்றாமல் இருக்க முடியாது. காப்பாற்றவில்லை என்றால் அதற்கும் திட்டு விழும். பர்மா விவசாயி இந்தியாவில் ஓட்டுப் போடுபவரும் இல்லை. ஆனால் ஒன்றை மறந்துவிடக் கூடாது. விலை 200 ரூபாய் ஆனபோது 'அனுப்பு, அனுப்பு' என்று கேட்டதும் இதே இந்தியாதான். அந்தக் குரலைக் கேட்டுத்தான் அவர் கூடுதலாக விதைத்தார்.

அதிலும் கடைசி அடி நிலமில்லாதவருக்கு. ஜப்பானிய ஆய்வாளர் இகுகோ ஒகமோட்டோ, ரங்கூனுக்குப் பக்கத்தில் பச்சைப் பயறு விளையும் கிராமங்களில் தங்கி ஆராய்ந்து 2008-ல் ஒரு நூல் வெளியிட்டார். பயறு வந்ததால் நிலம் வைத்திருந்தவர் நன்றாக முன்னேறினார், கூலிக்கு வந்தவருக்கு அந்த அளவு முன்னேற்றம் இல்லை என்பது அதன் சாரம். லாபம் வந்தபோது பங்கு குறைவு. விலை விழுந்தால் வேலையே குறைவு.

பிறகு என்ன ஆனது? சக்கரம் மறுபடி சுற்றியது. இந்தியாவில் மறுபடி விலை ஏறியது. 2021 மே மாதம் கட்டுப்பாடு தளர்ந்தது. அடுத்த மாதமே இரண்டு நாடுகளும் ஓர் ஒப்பந்தம் போட்டன. 2021-22 முதல் 2025-26 வரை ஐந்து ஆண்டுகளுக்கு, ஆண்டுக்கு 2.5 லட்சம் டன் உளுந்து, 1 லட்சம் டன் துவரை. இந்த முறை பர்மா பக்கம் நிம்மதி இல்லை. அதே 2021 பிப்ரவரி 1-ல் அங்கே ராணுவம் மறுபடி ஆட்சியைப் பிடித்திருந்தது. துவரை விளையும் சகாய்ங்கும் மாக்வேயும் சண்டைக் களமாயின. டீசல் விலை ஏறியது, லாரி போகும் வழியெல்லாம் சோதனைச் சாவடி. 2022 ஏப்ரலில், ஏற்றுமதியில் வரும் டாலரை 1,850 கியாட் என்ற விலைக்கு மாற்றியே ஆகவேண்டும் என்று மத்திய வங்கி உத்தரவு போட்டது. வெளிச்சந்தையில் டாலர் அதைவிட மேலே. அந்த இழப்பை ஏற்றுமதியாளர் தன் பையிலிருந்தா கொடுப்பார்? விவசாயிக்குத் தரும் விலையில்தான் கழித்தார்.

இப்போது கடையும் ஒன்றாக இல்லை. இந்தியச் சந்தைக்காகப் பிரேசில் உளுந்து பயிரிடத் தொடங்கிவிட்டது. துவரைக்கு மொசாம்பிக், மலாவி போன்ற ஆப்பிரிக்க நாடுகள் இருக்கின்றன. 2025 அக்டோபரில் இந்திய அரசு துவரை, உளுந்து, மைசூர்ப் பருப்பு மூன்றிலும் தன்னிறைவு பெற ஆறு ஆண்டுத் திட்டம் ஒன்றுக்கு ஒப்புதல் கொடுத்தது. ஒதுக்கீடு 11,440 கோடி ரூபாய். திட்டம் வெற்றி பெறட்டும். தஞ்சாவூர் உளுந்துக்கு நல்ல விலை கிடைத்தால் யாருக்குத்தான் சந்தோஷம் இருக்காது?

ஆனால் அன்றைக்குப் பர்மா உளுந்து வேண்டாம் என்று முடிவானால், அதைச் சொல்ல ஒரு முறை இருக்கிறது. பயறு என்பது பொத்தானை அழுத்தினால் வருவதும் நிற்பதும் அல்ல. அது ஒருவர் ஐந்தாறு மாதம் முன்னால் எடுத்த முடிவு. அதனால்தான் அந்த ஐந்து ஆண்டு ஒப்பந்தம் சின்ன விஷயமாகத் தெரிந்தாலும் பெரிய விஷயம். அளவு கூடலாம், குறையலாம். ஆனால் இவ்வளவு வாங்குவோம் என்ற வார்த்தை, வயலில் இறங்குமுன் அவர் காதுக்குப் போய்விடுகிறது.

இந்தியாவின் ஊர்களில் வடை சின்னதாவதும், ஐராவதிக் கரையில் ஒரு குடும்பம் கடனில் விழுவதும் ஒரே கயிற்றின் இரண்டு முனைகள். கயிற்றை இழுப்பவர்களிடம் அங்கே கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. வாங்குங்கள், வாங்காமல் போங்கள். எதுவானாலும் விதைப்பதற்கு முன்னால் சொல்லிவிடுங்கள்.