இரண்டு கரண்டி இனிப்பு

பங்குத்தந்தை ஒருவர் அடுப்படியைப் பற்றிக் கட்டுரை எழுதுவதா என்று வாசகர்கள் புன்னகைக்கக்கூடும். மறையுரைக்கு ஆயத்தம் செய்ய வேண்டிய கை அகப்பையைப் பிடிக்கலாமா என்று கேட்பவர்களும் நம்மிடையே உண்டு. ஆனால் உயிர்த்த ஆண்டவரே திபேரியக் கடற்கரையில் கரி நெருப்பில் மீன் வைத்துத் தம் சீடரை உணவருந்த அழைத்தார் என்று யோவான் நற்செய்தியின் 21ஆம் அதிகாரம் சொல்கிறது. ஆகவே சமையலைப் பற்றி எழுத நாம் வெட்கப்படவில்லை. வெட்கப்பட வேண்டியது வேறொன்று உண்டு. அதைச் சொல்லவே இதனை எழுதுகிறோம்.

2018ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம், ஜெர்மனியில் ஒரு பங்குத்தந்தை விடுமுறையில் சென்றபோது அவருக்குப் பதிலாகத் திருப்பலி நிறைவேற்றச் சென்றிருந்தோம். பவேரியா மாநிலத்தின் வடபகுதியில், மைன் நதியை ஒட்டித் திராட்சைத் தோட்டங்கள் சரிவு சரிவாக இறங்கும் ஒரு சிற்றூர். பங்கு இல்லத்தில் சமைத்துத் தந்தவர் எழுபது வயதைக் கடந்த ஒரு தாய். அவருடைய மொழி நமக்கும், நமது மொழி அவருக்கும் அரைகுறை. ஞாயிறு மதிய உணவுக்குப் பின் கண்ணாடிக் கிண்ணத்தில் அவர் ஓர் இனிப்பைக் கொண்டுவந்து வைப்பார். மாணிக்கக் கல்லைப் போன்ற சிவப்பு, தொட்டால் நடுங்கும், நாவில் வைத்த கணத்தில் உருகித் திராட்சை இரசமாகவே மாறிவிடும். மூன்றாம் ஞாயிறன்று, அதைச் செய்யக் கற்றுத் தரும்படி அவரிடம் சைகையாலேயே கேட்டோம்.

செய்முறை எளிது. அரை லிட்டர் இரசத்திற்கு ஆறு ஜெலட்டின் தாள்கள். தாள்களைக் குளிர்ந்த நீரில் ஐந்து நிமிடம் ஊறவைத்துப் பிழிந்துகொள்ள வேண்டும். இரசத்தில் பாதியைச் சர்க்கரை, இலவங்கப்பட்டை, எலுமிச்சைத் தோல் ஆகியவற்றோடு சூடாக்கி, அடுப்பிலிருந்து இறக்கிய பின்னரே ஜெலட்டினை அதில் கரைக்க வேண்டும். கொதியில் போட்டால் அதன் உறையும் ஆற்றல் குன்றிவிடும். மீதிப் பாதி இரசத்தைச் சூடாக்காமல் அப்படியே ஊற்றிக் கலக்க வேண்டும். மணம் அந்தப் பாதியில்தான் நிற்கிறது என்று அந்தத் தாய் மூக்கைத் தொட்டுக் காட்டினார். பிறகு குளிர்பெட்டியில் ஓர் இரவு. ஜெலட்டின் நமது உடலின் வெம்மைக்குச் சற்றுக் குறைவான வெம்மையிலேயே உருகிவிடும் தன்மையது. வாயில் வைத்தவுடன் கரைவதன் இரகசியம் அதுதான்.

ஊர் திரும்பியபோது நமது பெட்டியில் ஒரு கட்டு ஜெலட்டின் தாள்களும் இரண்டு குப்பிச் சிவப்பு இரசமும் இருந்தன. கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு முந்திய இரவு, பாவசங்கீர்த்தனம் கேட்டு முடித்த களைப்பிலும், நாமே அடுப்பின் முன் நின்றோம். மறுநாள் மதியம் பங்குப் பேரவையினருக்கும் பாடகர் குழுவினருக்கும் பீடச் சிறுவர்களுக்கும் பங்கு இல்லத்தில் விருந்து. சிறுவர்களுக்கென்று கடையில் வாங்கிய பொடியைக் கரைத்துப் பச்சை நிற ஜெல்லி ஒன்றைத் தனியே செய்து வைத்தோம். இதை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம்.

அந்த விருந்தில் நமது கோவில்பிள்ளையும் இருந்தார். இங்கே எழுதுவது அவருடைய ஒப்புதலோடுதான். பெயர் மட்டும் வேண்டாம் என்றார். ஒரு காலத்தில் அவர் குடியால் அழிந்தவர். வீட்டுப் பாத்திரங்களும் மனைவியின் நகைகளும் ஒவ்வொன்றாக விலைபோன நாள்களை ஊரே அறியும். 2009ஆம் ஆண்டு தவக்காலத்தில் குடியை விட்டார். வாரந்தோறும் பேருந்து ஏறி, குடிநோயிலிருந்து மீள்வோர் ஒருவரையொருவர் தாங்கிக்கொள்ளும் கூட்டத்திற்கு நகரத்துக்குச் செல்வார். 1935இல் அமெரிக்காவில் தொடங்கி உலகெங்கும் பரவியுள்ள 'ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ்' என்னும் தோழமைதான் அது. ஒன்பது ஆண்டுகளாக ஒரு நாளும் தவறாமல் விடியற்காலைத் திரிகால மணியை அடித்தவர் அவர்.

கிண்ணத்தைக் கையில் வாங்கியவர் முகர்ந்து பார்த்துவிட்டு நம்மை நிமிர்ந்து நோக்கினார்.

"சாமி, இதுல ஒயின் சேர்த்திருக்கா? வாசனை அப்படி வருது."

"கொதிக்க வச்சாச்சு ஐயா. எல்லாம் ஆவியாப் போயிருக்கும். பயப்படாம சாப்பிடுங்க" என்றோம்.

சுற்றிலும் ஆட்கள், அடுத்த கிண்ணத்துக்குக் கை நீட்டுபவர்கள், பாராட்டுகள். அந்த விடையைச் சொல்ல நமக்கு ஒரு நொடிகூடத் தேவைப்படவில்லை. அவர் இரண்டு கரண்டி உண்டார். பிறகு கிண்ணத்தை மெதுவாகச் சன்னல் திண்டில் வைத்துவிட்டு வெளியே போனார். பிரியாணிக்கு அவர் திரும்பவில்லை என்பதைக்கூட நாம் மாலையில்தான் உணர்ந்தோம்.

மறுநாள், புனித ஸ்தேவான் திருநாள். விடியற்காலை மணி ஒலிக்கவில்லை.

திருப்பலி முடிந்ததும் அவர் வீட்டுக்கு நடந்தோம். வாசலில் அவருடைய மனைவி முறம் பிடித்துக்கொண்டிருந்தார். எழுந்து தோத்திரம் சொன்னார். ஆனால் உள்ளே வரும்படி அழைக்கவில்லை. இரவு முழுவதும் அவர் உறங்கவில்லை என்றும், நாக்கில் அந்தச் சுவை போகவேயில்லை என்று வாய் கொப்பளித்துக்கொண்டே இருந்தார் என்றும், விடியுமுன் தம் தோழமையில் மூத்தவர் ஒருவரைத் தொலைபேசியில் எழுப்பிவிட்டு முதல் பேருந்தில் அவரிடமே போய்விட்டார் என்றும் சொன்னார். சற்று நிறுத்தி, குரலை உயர்த்தாமல், "பிள்ளைங்களுக்கு மட்டும் வேற செஞ்சீங்களே சாமி" என்றார்.

அந்தத் தாய்க்குச் சொல்ல நம்மிடம் விடை ஏதும் இருக்கவில்லை. ஏழு ஆண்டு இறையியல் பயின்ற நமக்கு, மனச்சான்று ஆய்வு என்றால் என்ன என்பதை அவர் ஒரே வாக்கியத்தில் கற்றுத் தந்துவிட்டார். ஆம், நமக்குத் தெரிந்திருந்தது. பாதி இரசத்தைச் சூடேற்றாமல் ஊற்றியது நமது கைதான். தெரிந்ததனால்தான் சிறுவர்களுக்கு வேறு செய்தோம். இருந்தும் ஒருவர் அஞ்சிக் கேட்டபோது, விருந்தின் உற்சாகம் குலையக் கூடாது என்பதற்காக வாயில் வந்ததைச் சொன்னோம். அவர் நம்பியது சமையற்காரரை அன்று. திருப்பலி நிறைவேற்றும் கையை.

பின்னர் படித்தறிந்தோம். கொதித்தால் மது முழுவதும் ஆவியாகிவிடும் என்பதே மெய்யன்று. அமெரிக்க வேளாண்மைத் துறை வெளியிட்ட அட்டவணையின்படி, கொதிக்கும் திரவத்தில் மதுவை ஊற்றி உடனே இறக்கினால் அதன் ஆல்ககாலில் 85 விழுக்காடு அப்படியே தங்கிவிடுகிறது. கால் மணி நேரம் கொதித்த பின்னும் 40 விழுக்காடு மிஞ்சும். இரண்டரை மணி நேரம் கொதித்தாலும் 5 விழுக்காடு நிற்கும். குளிர்பெட்டியில் உறைய வைக்கும் ஓர் இனிப்பில் எவ்வளவு தங்கியிருக்கும் என்பதை வாசகர்களே கணக்கிடலாம். பிளம் கேக்கிலும் புட்டிங்கிலும் "சும்மா வாசனைக்கு" என்று சேர்ப்பவர்கள் நம் இல்லங்களில் பலர். அவர்களுக்காகவே இந்தக் கணக்கை இங்கு எழுதினோம்.

அன்று மாலை கோவில்பிள்ளை திரும்பி வந்தார். குடிக்கவில்லை, இறைவனுக்கு நன்றி. சக்கிரீஸ்து அறையில் அவர் முன் நின்று மன்னிப்புக் கேட்டோம். அவர் நம்மைத் தேற்றினார். "நீங்க கெடுதலா நினைச்சுச் செய்யல சாமி. ஆனா எங்களுக்கு அந்த வாசனையே போதும். ஒன்பது வருசமா அடைச்சு வச்ச கதவு அது. யாராவது தட்டினா உள்ள இருக்குறவன் முழிச்சுக்குவான்" என்றார். பிறகு, ஒன்றும் நடவாததுபோல், மாலைத் திருப்பலிக்குப் பூசைப் பாத்திரங்களை எடுத்து வைக்கத் தொடங்கினார். அந்த இரசக் குப்பியையும் அவர்தான் நாள்தோறும் நிரப்புகிறார் என்பது அப்போதுதான் நம் நெஞ்சில் தைத்தது. எத்தனை ஆண்டுகளாக அந்த மணத்தோடு தனியே போராடியிருப்பார்! நாம் ஒரு முறையேனும் கேட்டதுண்டா? மறுநாள் முதல் அந்தக் குப்பியை நாமே நிரப்பலானோம்.

திராட்சை இரசம் தீயதன்று. கானாவூரில் ஆறு கற்சாடிகள் நிறைய அதை அளித்தவர் நம் ஆண்டவர். வயிற்றின் நலனுக்காகச் சிறிதளவு அருந்தும்படி திமொத்தேயுவுக்குப் பவுலடியார் அறிவுரை சொன்னார். ஆனால் அதே பவுலடியார்தான், சகோதரன் ஒருவன் இடறி விழக் காரணமாகும் என்றால் இறைச்சியையும் இரசத்தையும் விட்டுவிடுவதே நலம் என்று உரோமையருக்கு எழுதிய திருமுகத்தின் 14ஆம் அதிகாரத்தில் சொல்கிறார். உணவு தூய்மையானதா என்பது அவருடைய கேள்வியன்று. அருகில் அமர்ந்து உண்பவன் யார் என்பதே அவருடைய கேள்வி.

திருச்சபை இக்கேள்வியைத் தன் பீடத்திலேயே எழுப்பியிருக்கிறது. திருப்பலிக்குரிய இரசம் திராட்சைக் கனியிலிருந்து இயல்பாகப் பெறப்பட்டதாகவும் கெடாததாகவும் இருக்க வேண்டும் என்பது திருச்சபைச் சட்டம் 924. ஆயினும் இரசத்தைத் தொட இயலாத நோய் உற்றவர்களுக்கு 'முஸ்தும்' என்னும் திராட்சைச் சாற்றைப் பயன்படுத்த ஆயர் அனுமதி வழங்கலாம் என்று விசுவாசக் கோட்பாட்டுப் பேராயம் 2003 ஜூலை 24 அன்று எழுதிய மடலில் தெளிவுபடுத்தியது. புளித்தல் தொடங்கியும் தொடங்காமலும் உறைநிலையில் நிறுத்தி, இயல்பு மாறாமல் காக்கப்படும் சாறு அது. குடிநோயுற்ற அருள்பணியாளர்களும் இந்தச் சலுகையால் பீடத்தில் நிற்கிறார்கள். எந்த இரசம் இன்றித் திருப்பலி இல்லையோ, அந்த இரசத்திலேயே பலவீனருக்கு வழி திறந்துவிட்டாள் நம் அன்னை. ஒரு விருந்தின் இனிப்புக் கிண்ணத்தில் அவ்வழியை அடைத்தவர்கள் நாம்.

அடுத்த ஆண்டு கிறிஸ்து பிறப்பு விழா நெருங்கியபோது, இவ்வாண்டு இனிப்பே வேண்டாம் என்று எண்ணினோம். கோவில்பிள்ளைதான் விடவில்லை. "எனக்காக எல்லாரும் பட்டினி கிடக்கணுமா சாமி?" என்று கேட்டு, கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து வரும் பன்னீர் திராட்சை இரண்டு கிலோ வாங்கி வந்துவிட்டார். 1832ஆம் ஆண்டில் பிரெஞ்சு நாட்டுக் குரு ஒருவர் தமிழகத்திற்குக் கொண்டுவந்ததாகச் சொல்லப்படும் கொடி அது. 2023இல் புவிசார் குறியீடும் பெற்றது. கறுத்த தோலும், பன்னீரின் மணமும் உடைய கனி.

கனிகளைக் கையால் பிசைந்து, விதை நசுங்காமல் பார்த்துக்கொண்டு, சிறிது நீருடன் கால் மணி நேரம் சிறு தீயில் வைத்தோம். நிறம் தோலில்தான் இருக்கிறது. தோல் வெளுக்கும்போது சாறு ஆழ்சிவப்பாகிறது. துணியில் வடித்து, சர்க்கரையும் எலுமிச்சைச் சாறும் சேர்த்தோம். பட்டையும் கிராம்பும் எடுத்தபோது அவர் தடுத்தார். நம் வீடுகளில் விழாக்கால ஒயினுக்கு இடும் அந்த மணமே பழைய நினைவை எழுப்பும் என்றார். அவற்றை டப்பாவிலேயே திரும்ப வைத்தோம்.

ஜெலட்டினுக்குப் பதில் கடற்பாசியைத் தந்தவர் அவருடைய மனைவி. அவர் மண்டபம் கடற்கரையில் பிறந்தவர். சிறுமியாக இருந்தபோது விரல்களில் துணி சுற்றிக்கொண்டு தாயோடு கடலில் மூழ்கி மரிக்கொழுந்துப் பாசி பறித்தவர். ஜெலட்டின் மாட்டின் அல்லது பன்றியின் தோலிலும் எலும்பிலும் இருந்து வருவது. அண்டை வீட்டுச் சைவக் குடும்பம் அதை உண்ணாது என்பதை முந்திய ஆண்டு நாம் எண்ணிப் பார்க்கவேயில்லை. பத்துக் கிராம் கடற்பாசியை ஊறவைத்து, இரண்டு தம்ளர் நீரில் முற்றிலும் கரையும்வரை கொதிக்கவிட்டு, வெதுவெதுப்பான சாற்றோடு கலந்தோம். குளிர்பெட்டி இல்லாமலேயே உறைந்தது. வெயிலிலும் உருகாது. ஆனால் ஜெலட்டினைப் போல நாவில் கரையாது. மென்று உண்ண வேண்டும்.

பானையில் எஞ்சியதை விரலால் தொட்டுச் சுவைத்த கோவில்பிள்ளையிடம், "எப்படி இருக்கு ஐயா?" என்று சற்று அச்சத்தோடு கேட்டோம்.

"திராட்சை மாதிரி இருக்கு சாமி" என்றார்.

அந்த ஆண்டு விருந்தில் ஒரே பாத்திரம்தான். பேரவையினரும் சிறுவர்களும் அண்டை வீட்டாரும் அதிலிருந்தே உண்டார்கள். உண்மையைச் சொன்னால், மைன் நதிக்கரையில் உண்ட இனிப்புக்கு அது ஈடாகாது. அந்தச் சிவப்பும் நடுக்கமும் இன்றும் நம் நினைவில் இனிக்கத்தான் செய்கின்றன. ஆனால் அதைக் கொடுக்கும்போது எவருடைய கேள்விக்கும் நாம் பொய் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

அன்பு வாசகரே, வரும் விழாவில் உங்கள் இல்லத்திலும் பந்தி விரியும். எதைச் சமைப்பது என்று எண்ணுமுன், யார் யார் அமரப் போகிறார்கள் என்று ஒரு முறை எண்ணிப் பாருங்கள். அவர்களில் எவரேனும் கிண்ணத்தை முகர்ந்துவிட்டு உங்களை நிமிர்ந்து நோக்கினால், அருள்கூர்ந்து உண்மையைச் சொல்லுங்கள். மறுநாள் காலை உங்கள் ஊர்க் கோவில் மணி வழக்கம்போல் ஒலிக்கட்டும்.