ஆயா சொன்ன ஆச்சி கதை!

"கொரிய நடிகை யூன் யோ ஜங் பற்றி ஒரு கட்டுரை வேணும்" என ஆபீஸிலிருந்து மெசேஜ். செஞ்சிப் பக்கம் பனமலையில், ஆயா வீட்டுத் திண்ணையில் இருந்தேன். மல்லாட்டை உரித்துக்கொண்டே ஆயா என் போனை எட்டிப் பார்த்தார்.

"யாரு பாப்பா இது?"

"கொரியா நடிகை ஆயா. 1971-ல முதல் படம். விவாகரத்துக்கு அப்புறம் ரெண்டு பசங்கள வளர்க்க, கிடைச்ச வேஷமெல்லாம் நடிச்சாங்க. 2021-ல 'மினாரி' படத்துக்காக ஆஸ்கர் வாங்கினாங்க. அப்போ வயசு 73."

"இது நம்ம ஆச்சி கதையாச்சே!"

சுருக்கென்றது. மனோரமா எனக்கு மீம்ஸில் பார்த்த முகம், அவ்வளவுதான்.

ராத்திரி உட்கார்ந்து தேடினேன். கணவர் பிரிந்தபின் கைக்குழந்தையோடு நாடக மேடை. 1958-ல் 'மாலையிட்ட மங்கை'. 1968-ல் 'தில்லானா மோகனாம்பாள்' ஜில் ஜில் ரமாமணி. 1989-ல் 'புதிய பாதை'க்கு தேசிய விருது. 2015-ல் மறையும்போது ஆயிரம் படங்களைத் தாண்டியிருந்தார். காமெடியோ, அம்மாவோ, பாட்டியோ... எந்த வேஷத்தையும் அவர் சின்னதாக நினைக்கவில்லை.

காலையில் ஆயாவிடம் சொன்னேன். தாத்தா போன பிறகு கூலிக்குப் போய் என் அம்மாவை வளர்த்தவர் அவர்.

"களையெடுக்கறதா, நாத்து நடறதான்னு நான் பார்த்தேனா? புள்ளைக்குச் சோறு போடணும்ல. ஆச்சியும் அப்படித்தான்" என்றார்.

கொரியக் கட்டுரையை அப்புறம் எழுதிக்கொள்ளலாம். முதலில் இது, ஆயாவுக்காக!